வாழ்க்கையில் பெரிதாக ஒன்றும் நடக்காதவர் சொந்தப் படம் எடுக்க முடியுமா?

வந்த கேள்வி சுருக்கமாக இது: சுயாதீன இயக்குநர்கள் சிலர் தங்கள் சொந்த வாழ்க்கையை வைத்துப் பரிசோதனைப் படங்கள் எடுக்கிறார்கள், பார்த்தால் கதையே இல்லாத மாதிரி இருக்கிறது, இதில் கதை சொல்லும் முறை என்று ஏதாவது உண்டா? கூடவே இன்னொன்று: எனக்கும் அப்படி ஒரு படம் எடுக்க ஆசை, ஆனால் படமாக எடுக்கும் அளவுக்கு என் வாழ்க்கையில் எதுவும் நடந்ததில்லையே, என்ன செய்வது?

இரண்டாவதிலிருந்தே தொடங்குகிறேன், ஏனென்றால் ஆசை இருக்கிற பலர் அங்கேயே நின்றுவிடுகிறார்கள். சொந்தப் படம் என்றால் இயக்குநர் தனக்கு நடந்ததைச் சொல்ல வேண்டும், கேமரா முன்னால் உட்கார்ந்து மனதைத் திறந்து கொட்ட வேண்டும் என்று ஓர் எண்ணம் இருக்கிறது. அப்படியும் படங்கள் உண்டு, சில நன்றாகவே இருக்கின்றன. ஆனால் இந்த வகையில் இன்றும் பேசப்படுகிற படங்களை எடுத்து ஒவ்வொன்றாகப் பாருங்கள். எடுத்தவர் அப்போது எந்த நிலைமையில் இருந்தாரோ, கையில் என்ன இருந்ததோ, எது தடுத்ததோ, அதிலிருந்து படத்தின் வடிவம் வந்திருக்கும். வீட்டில் சின்னக் குழந்தை, ஊரைவிட்டு வந்த தனிமை, நீதிமன்றத் தடை, பார்வை மங்கிக்கொண்டிருக்கிற கண். இவையெல்லாம் கதைக்குள் வருவதைவிட, படம் எடுத்த முறைக்குள் வந்திருக்கும். பரிசோதனை என்று நாம் சொல்வதில் பெரும்பகுதி இதுதான், வழக்கமான முறையில் எடுக்க வழியில்லாத ஒருவர் தனக்காகக் கண்டுபிடித்துக்கொண்ட வழி.

பிரெஞ்சு இயக்குநர் ஆக்னஸ் வர்தாவை எடுத்துக்கொள்வோம். புகைப்படக்காரராக இருந்தவர், சினிமா படித்தவர் இல்லை, உதவி இயக்குநராக யாரிடமும் இருந்ததில்லை. 1954-இல் தானே ஒரு சின்ன நிறுவனம் தொடங்கி, தெற்கு பிரான்சில் சேத் என்ற துறைமுக ஊரின் மீனவர் குடியிருப்பில் முதல் படத்தை எடுத்தார். பிரெஞ்சு புதிய அலை என்று ஊரே பேசிய படங்கள் வருவதற்குச் சில ஆண்டுகள் முன்னால் நடந்தது இது. 1970-களின் நடுவில் அவருக்கு இரண்டு வயதுப் பையன் இருந்தான். வெளியூர் போய்ப் படமெடுக்க முடியாது. சரி என்று ஒரு முடிவு எடுத்தார்: கேமராவுக்கும் விளக்குக்கும் மின்சாரம் தன் வீட்டிலிருந்தே வரும், அந்த ஒயர் எவ்வளவு தூரம் எட்டுகிறதோ அதற்குள்தான் படம். ஒயரின் நீளம் நூறு மீட்டர்கூட இல்லை. அவர் குடியிருந்தது பாரிசில் டாகேர் என்ற தெரு. அந்த ஒயர் எட்டிய கடைகளில் இருந்த ரொட்டிக்கடைக்காரர், கறிக்கடைக்காரர், தையல்காரர், முடிதிருத்துபவர், இவர்கள்தான் மொத்தப் படமும். ‘டாகெரியோடைப்ஸ்’ என்று பெயர்.

அந்தப் படத்தில் ஒரு பழைய வாசனைத் திரவியக் கடை வரும். கணவர் சின்னச் சின்னப் புட்டிகளில் அத்தர் மாதிரி எதையோ அளந்து ஊற்றிக்கொடுப்பார். மனைவி பேசவே மாட்டார், அவர் முகம் எங்கேயோ போய்விட்டது போல இருக்கும். பொழுது சாயும் நேரத்தில் அந்த அம்மாள் எழுந்து கதவு வரைக்கும் வருவார், கண்ணாடிக்கு வெளியே பார்த்தபடி நிற்பார், எங்கோ புறப்பட வேண்டும் என்பது போல. அப்புறம் திரும்பிவிடுவார். அவ்வளவுதான். யாரும் விளக்கம் சொல்ல மாட்டார்கள். ஆனால் அந்தக் கதவடி நிற்பைப் பார்த்தபின் அந்தத் தெரு முழுக்க வேறு மாதிரி தெரிய ஆரம்பிக்கும், ஒவ்வொரு கல்லாப்பெட்டிக்குப் பின்னாலும் நிற்பவர் எங்கே போக நினைத்திருப்பார் என்று யோசிக்க வைக்கும். இந்தப் படத்தில் வர்தா தன்னைப் பற்றி அதிகம் சொல்வதில்லை. குழந்தையைப் பற்றியும் சொல்வதில்லை. ஆனாலும் வீட்டைவிட்டு நகர முடியாத ஒரு பெண்தான் இன்னொரு பெண் கதவு வரை வந்து திரும்புவதை இவ்வளவு பொறுமையாகப் பார்த்திருப்பார் என்று எனக்குத் தோன்றும். சொந்தம் என்று நான் சொல்வது இதை. எங்கே நிற்கிறோம், அங்கே நிற்பதால் எது கண்ணில் படுகிறது என்பது.

அவருடைய இன்னொரு படம், 2000-இல் வந்த ‘தி க்ளீனர்ஸ் அண்ட் ஐ’ (The Gleaners and I). அறுவடை முடிந்த வயலில் சிந்திக் கிடக்கிற கதிரைப் பொறுக்குகிறவர்களைப் பற்றியது. 1857-இல் மில்லே வரைந்த, மூன்று பெண்கள் குனிந்து கதிர் பொறுக்கும் ஓவியத்தில் தொடங்கி, இன்றைக்கு யார் பொறுக்குகிறார்கள் என்று தேடிக்கொண்டு போகிறார். அளவு சரியில்லை என்று டன் கணக்கில் வயலில் கொட்டப்படும் உருளைக்கிழங்கு, அதை எடுத்துப் போக வருகிறவர்கள், சந்தை கலைந்த பிறகு மிச்சக் காய்கறியில் சாப்பிடுகிறவர். வழக்கறிஞர் ஒருவரைக் கறுப்பு அங்கியோடு வயலுக்கு நடுவிலேயே நிற்க வைத்து, பொறுக்குவதற்குச் சட்டம் என்ன சொல்கிறது என்று பேசச் சொல்கிறார். ஒரு நல்ல சமூக ஆவணப்படத்துக்கு இதுவே போதும், வேறு யாராவது எடுத்திருந்தால் இதோடு நின்றிருக்கும்.

வர்தாவின் கையில் அப்போது ஒரு சின்ன டிஜிட்டல் கேமரா வந்திருந்தது. வயது எழுபதைத் தாண்டிவிட்டது. கேமரா அவ்வளவு இலேசானதால் ஒரு கையால் பிடித்துக்கொண்டு இன்னொரு கையை அவரே படமெடுக்க முடிந்தது. சுருக்கம் விழுந்த தோல், புள்ளிகள், புடைத்த நரம்பு, எல்லாம் மிக அருகில். தன் கை தனக்கே தெரியாத ஏதோ பிராணி மாதிரி இருப்பதாக அவர் குரல் சொல்லும். கூட ரெம்ப்ராண்ட்டின் சுய உருவப்படம் அச்சிட்ட அஞ்சலட்டைகள். அங்கேதான் படம் சட்டென்று திறந்துகொள்ளும். அளவு தப்பியதால் ஒதுக்கப்பட்ட கிழங்கையும், வயதானதால் ஒதுக்கப்படப்போகிற உடம்பையும் அவர் எங்கேயும் வாயால் ஒப்பிடுவதில்லை. கிழங்குகளை வீட்டில் வைத்து, அவை சுருங்கி முளைவிடுவதைப் படமெடுக்கிறார், அவ்வளவே. தொடர்பை நாம் போட்டுக்கொள்கிறோம். ஒருமுறை கேமராவை அணைக்க மறந்து தொங்கவிட்டபடி நடந்துவிடுகிறார், லென்ஸ் மூடி ஊசலாடியபடி தரைக்கு மேல் ஆடுவது பதிவாகியிருக்கிறது. எல்லா எடிட்டரும் வெட்டியெறியும் துண்டு. இவர் அதற்கு ஜாஸ் இசை போட்டுப் படத்தில் வைத்துக்கொண்டார். வேண்டாம் என்று கழித்ததைப் பொறுக்குவதுதானே படமே, அப்போது கழிந்த ஃபுட்டேஜையும் பொறுக்கத்தானே வேண்டும்? பொருளும் முறையும் ஒன்றாகிவிட்ட இடம் இது. எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு இந்த இடத்தில் சந்தோஷமாக இருக்கும்.

கற்பனைக் கதை எடுத்தபோதும் அவர் இதையேதான் செய்தார் என்பதைச் சொல்லாமல் விட்டால் பதில் பாதிதான். 1985-இல் வந்து வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது வாங்கிய ‘வேகபாண்ட்’ படத்தில், வீடுவாசல் இல்லாமல் அலையும் மோனா என்ற இளம்பெண் குளிரில் விறைத்துப் பள்ளத்தில் கிடப்பதில் படம் தொடங்குகிறது. முடிவு முதலிலேயே தெரிந்துவிட்டது. அதன்பின் அவளை வழியில் பார்த்தவர்கள் ஒவ்வொருவராகச் சொல்வது. ஒவ்வொருவரும் தன்னைப் பற்றித்தான் சொல்கிறார்கள், மோனா பிடிபடுவதே இல்லை. படத்தினூடே பத்துக்கும் மேற்பட்ட நீண்ட டிராக்கிங் ஷாட்கள், அதாவது கேமராவே நகர்ந்துகொண்டு எடுக்கும் ஷாட்கள், எல்லாம் வலமிருந்து இடமாக, நாம் படிக்கும் திசைக்கு எதிராக. அவள் நடக்கிறாள், கேமராவும் கூடப் போகிறது, ஆனால் அவளோடு நிற்பதில்லை, அவளைத் தாண்டிப் போய் ஏதோ ஒரு பொருளில் முடிகிறது. அந்தப் பொருளோடு தொடர்புள்ள ஏதோ ஒன்றில் அடுத்த டிராக்கிங் ஷாட் பல நிமிடங்கள் கழித்துத் தொடங்குகிறது. முதல் தடவை பார்க்கும்போது இதைக் கவனித்திருக்க மாட்டீர்கள். ஆனால் அவளை யாரும் பிடித்து வைக்க முடியவில்லை என்ற உணர்வு வந்திருக்கும், அது இந்த ஷாட்களின் வேலை. கதையில் வழக்கமாக வசனமும் சம்பவமும் செய்யும் வேலையைக் கேமராவின் நடை செய்கிறது. “கதையே இல்லாத மாதிரி” என்று நீங்கள் சொன்னதற்கு என் பதில் இதில் பாதி இருக்கிறது. கதை இருக்கிறது, நீங்கள் வழக்கமாகத் தேடும் இடத்தில் இல்லை.

மீதிப் பாதிக்கு சாந்தல் அகெர்மனின் ‘நியூஸ் ஃப்ரம் ஹோம்’. 1976-இல் எடுத்தது. பிரஸ்ஸல்ஸில் வளர்ந்தவர், இருபத்தொரு வயதில் நியூயார்க் போய்விட்டார். அம்மா விடாமல் கடிதம் எழுதினார். சில ஆண்டுகள் கழித்து அதே நகரத்துக்குத் திரும்பிப் போய்த் தெருக்களையும் சுரங்க ரயிலையும் படமெடுத்து, அதன்மேல் அம்மாவின் அந்தக் கடிதங்களைத் தன் குரலில் படித்தார். படம் முழுக்க இவ்வளவுதான். அம்மாவும் வர மாட்டார், மகளும் வர மாட்டாள். கடிதங்களில் என்ன இருக்கிறது? ஏன் அடிக்கடி எழுதுவதில்லை, பணம் அனுப்பியிருக்கிறேன் வந்ததா, அப்பாவுக்கு உடம்பு முடியவில்லை, இன்னாருக்கு நிச்சயமாகிவிட்டது, உன்னை நினைத்துக்கொண்டே இருக்கிறேன். யார் வீட்டிலும் வரும் கடிதம். உங்கள் வாழ்க்கையில் ஒன்றும் நடக்கவில்லை என்றீர்களே, இந்தக் கடிதங்களில் நடந்ததைவிடக் குறைவாகவா நடந்திருக்கும்?

கவனிக்க வேண்டியது அதை அவர் படிக்கும் விதம். உணர்ச்சி கொட்டாமல், ஒரே சீராக, கொஞ்சம் வேகமாகப் படிக்கிறார். ரயில் வரும்போது ரயில் சத்தம் ஏறி அம்மாவின் வரிகளை விழுங்கிவிடும். ஒலிப்பதிவு சரியில்லை என்று முதலில் நினைத்துவிடுவோம். கொஞ்ச நேரத்தில் புரியும், தூரத்துக்குப் போன மகளுக்கு அம்மாவின் குரல் இப்படித்தான் கேட்டிருக்கும், நகரத்தின் இரைச்சலுக்கு நடுவில் பாதி விழுந்தும் பாதி விழாமலும். மகள் எழுதிய பதில்கள் ஒன்றுகூடப் படிக்கப்படுவதில்லை. பதில் எழுதினாளா என்று நாம் அம்மாவின் அடுத்த கடிதத்திலிருந்து ஊகித்துக்கொள்ள வேண்டும். அந்த அம்மா நாஜிகளின் ஆஷ்விட்ஸ் முகாமிலிருந்து பிழைத்து வந்தவர் என்பது படத்தில் சொல்லப்படுவதில்லை, வெளியிலிருந்து தெரிந்துகொண்டு மறுபடி பார்த்தால் “பத்திரமாக இரு” என்ற சாதாரண வரி தொண்டையில் சிக்கும். கடைசி ஷாட் ஒரு படகிலிருந்து, மன்ஹாட்டன் மெதுவாக விலகிப் பனிமூட்டத்தில் கரைகிறது, பத்து நிமிடம் வெட்டே இல்லை. பத்து நிமிடம் எதற்கு என்று கேட்கலாம். ஒரு ஊரைவிட்டு விலகுவதற்கு ஆகும் நேரத்தை ஐந்து நொடியில் காட்டினால் அது தகவல், பத்து நிமிடம் காட்டினால் நமக்கே நடக்கிறது.

தடையே வடிவமாக மாறியதற்கு ஜாஃபர் பனாஹியைத் தாண்டிய உதாரணம் எனக்குத் தெரியவில்லை. 2010 டிசம்பரில் ஈரானிய நீதிமன்றம் அவருக்கு ஆறு ஆண்டுச் சிறையும், இருபது ஆண்டுகள் படம் இயக்கவும் திரைக்கதை எழுதவும் தடையும் விதித்தது. மேல்முறையீட்டின் முடிவுக்காக வீட்டில் காத்திருந்த நாட்களில் நண்பர் மொஜ்தபா மிர்தஹ்மாஸ்பை வரவழைத்தார். இயக்கக்கூடாது, எழுதக்கூடாது என்றுதானே சொன்னார்கள், படிக்கக்கூடாது, நடிக்கக்கூடாது என்று சொல்லவில்லையே! ஏற்கெனவே எழுதி அனுமதி கிடைக்காத திரைக்கதையைக் கேமரா முன்னால் படித்துக் காட்ட ஆரம்பிக்கிறார். வீட்டின் தரைக்கம்பளத்தில் டேப் ஒட்டி, இது அந்தப் பெண்ணின் அறை, இது சன்னல், இங்கே படிக்கட்டு என்று ஒரு செட் போடுகிறார். பல்கலைக்கழகத்தில் சேர விடாமல் பெற்றோர் பூட்டிவைத்த பெண்ணின் கதை அது, அதைச் சொல்கிறவரும் வீட்டுக்குள் அடைபட்டவர். கொஞ்ச தூரம் ஆர்வமாகப் போய், திடீரென்று குரல் உடைந்து நிறுத்திவிடுகிறார். படத்தை வாயால் சொல்லிவிட முடியும் என்றால் அப்புறம் எதற்குப் படம் எடுக்க வேண்டும் என்கிறார்.

அந்தக் கேள்விக்கு அவர் பேச்சில் பதில் தருவதில்லை. தன் பழைய படங்களை ஓட்டிக் காட்டி, இந்த நடிகர் இப்படித் திரும்புவார் என்று எனக்கு முன்பே தெரியாது, இதை நான் எப்படி எழுதிப் படித்துக் காட்டியிருக்க முடியும் என்று விளக்குகிறார். சினிமாவைப் பற்றி இவ்வளவு தெளிவான பாடத்தை நான் வேறெங்கும் கேட்டதில்லை, அதுவும் டேப் ஒட்டிய கம்பளத்தின் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் ஒருவரிடமிருந்து. ஒரு பகுதியை அவரே ஐபோனில் எடுக்கிறார். கடைசியில் குப்பை எடுக்க வந்த இளைஞனோடு லிஃப்டில் இறங்கி, வாசல் கதவு வரை கேமரா போகிறது, வெளியே பண்டிகை நெருப்பு எரிகிறது, அதற்கு மேல் போக முடியாது. ‘திஸ் இஸ் நாட் எ ஃபிலிம்’ என்று பெயர் வைத்து 2011-இல் கான் திரைப்பட விழாவுக்கு அனுப்பினார்கள், யுஎஸ்பியில் போட்டு நாட்டைவிட்டுக் கடத்தித்தான் அனுப்ப முடிந்தது.

டெரெக் ஜார்மனின் ‘ப்ளூ’ பற்றி நீளமாகச் சொல்லத் தேவையில்லை, ஒரே வரியில் புரிந்துவிடும். எய்ட்ஸ் தொடர்பான நோயால் பார்வை போய்க்கொண்டிருந்த இயக்குநர் 1993-இல் எடுத்த இந்தப் படத்தில், ஒரு மணி நேரத்துக்கு மேல் திரையில் நீல நிறம் மட்டும், கூடவே குரல்கள், சத்தங்கள், இசை. அடுத்த ஆண்டு பிப்ரவரியில் காலமானார்.

சரி, இப்போது ஒரு நியாயமான சந்தேகம் வரும். நீலத் திரையையும் பத்து நிமிட ஷாட்டையும் பரிசோதனை என்று ஏற்றுக்கொண்டால், புரியாத மாதிரி எதை எடுத்தாலும் பரிசோதனை என்று சொல்லிவிடலாமே? சொல்கிறார்கள்தான், அதில் நிறைய வெறும் பாவனை. நான் வைத்திருக்கும் அளவுகோல் எளிது. இந்த வினோதமான வடிவம் எந்தச் சிக்கலுக்குத் தீர்வாக வந்தது என்று கேட்டுப் பார்ப்பேன். மாயா டெரன் 1943-இல் தன் கணவர் அலெக்சாண்டர் ஹம்மிதோடு சேர்ந்து, தாங்கள் குடியிருந்த வீட்டிலேயே ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ எடுத்தார். பதினான்கு நிமிடம், வசனம் கிடையாது. அதில் ஓரிடத்தில் ஒரு பெண் கையில் கத்தியோடு மேசையிலிருந்து எழுந்து, தூங்கிக்கொண்டிருக்கும் தன் உருவத்தை நோக்கி நடக்கிறாள். அறைக்குள் நாலைந்து அடி தூரம்தான். ஆனால் ஒவ்வொரு அடியும் வேறொரு இடத்தில் விழுகிறது: ஒன்று கடற்கரை மணலில், ஒன்று புல்லில், ஒன்று நடைபாதையில், கடைசி அடி அறையின் கம்பளத்தில். தன்னையே அழிக்கப் போகிற ஒருத்தி எவ்வளவு தூரம் கடந்து வர வேண்டியிருக்கிறது என்பதை வசனம் இல்லாமல், சில நொடிகளில் எப்படிச் சொல்வது? சிக்கல் அது, தீர்வு அந்த அடிகள். மணலையும் கம்பளத்தையும் மாற்றி மாற்றி வெட்டினால் அழகாக இருக்கிறது என்பதற்காக வைத்தது இல்லை. ஒரு படத்தில் குறுக்கும் நெடுக்குமாக வெட்டு, தலைகீழ் பிம்பம், கருப்புத் திரை என்று வந்துகொண்டே இருந்து, இது எதற்கு என்ற கேள்விக்கு எந்தப் பக்கமிருந்தும் பதில் வரவில்லை என்றால், தயங்காமல் அந்தப் படம் சரியில்லை என்று சொல்லிவிடுங்கள். உங்களுக்கு ரசனை போதவில்லை என்று யாராவது சொன்னால் கவலைப்பட வேண்டாம்.

பணம் பற்றியும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் சுயாதீனம் என்ற சொல்லின் நடைமுறை அர்த்தம் அங்கேதான் இருக்கிறது. டெரனிடம் இருந்தது பழைய 16 எம்.எம். போலெக்ஸ் கேமரா. ஹாலிவுட் லிப்ஸ்டிக்குக்குச் செலவழிக்கும் பணத்தில் நான் படமெடுக்கிறேன் என்று அவர் சொன்னது பிரபலம். ஜோனதன் கவுவெட் 2003-இல் ‘டார்னேஷன்’ எடுத்தபோது, சின்ன வயதிலிருந்து சேர்த்துவைத்த வீட்டு வீடியோக்களை ஐமூவி என்ற எளிய எடிட்டிங் மென்பொருளில் வெட்டிச் சேர்த்தார், 218 டாலர்தான் செலவு என்று உலகம் முழுக்க எழுதினார்கள். அந்தத் தொகையைப் பார்த்து மயங்கிவிடாதீர்கள், திரையரங்குக்கு வருவதற்குள் இசை உரிமையும் ஒலி வேலையும் சேர்ந்து செலவு பல மடங்கு ஆனது. பிரபலமான பாட்டைப் படத்தில் போட நினைப்பவர்கள் இதை ஆரம்பத்திலேயே யோசிக்க வேண்டும். மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாம் இன்னொரு வழி காட்டினார். கேரளத்தில் 1984-இல் ஒடேசா என்ற கூட்டமைப்பைத் தொடங்கி, ஊர் ஊராகப் போய்ப் படங்களைத் திரையிட்டு, மக்களிடம் காசு சேர்த்து, ‘அம்ம அறியான்’ எடுத்தார். 1986-இல் வந்தது. இறந்துபோன ஒருவனைப் பற்றி அவன் அம்மாவிடம் சொல்லப் புறப்படுகிற இளைஞன், வழியெல்லாம் இறந்தவனின் நண்பர்களைச் சேர்த்துக்கொண்டே போகிறான், கூட்டம் பெருகிக்கொண்டே போகிறது, மொத்தமும் தன் அம்மாவுக்கு அவன் எழுதும் கடிதமாக ஓடுகிறது. ஊர் ஊராக ஆள் சேர்த்து எடுத்த படத்துக்குள்ளும் ஊர் ஊராக ஆள் சேர்கிறார்கள்! பணம் வந்த வழியும் கதை போகும் வழியும் இப்படிப் பொருந்திப்போனது தற்செயல் என்று என்னால் நம்ப முடியவில்லை.

இனி உங்கள் விஷயம். திரைக்கதை எழுதி முடித்துவிட்டுத்தான் ஆரம்பிப்பேன் என்று உட்காராதீர்கள். இந்த வகையில் எழுத்து பெரும்பாலும் எடிட்டிங் மேசையில் நடக்கிறது. ஜோனஸ் மேகாஸ் லித்துவேனியாவிலிருந்து போர் அகதியாக 1949-இல் நியூயார்க் வந்தார், வந்த கொஞ்ச நாளில் ஒரு போலெக்ஸ் வாங்கிவிட்டார். அகதிகளின் கூட்டம், பனி, தெரு, நண்பர்கள் என்று எடுத்துக்கொண்டே இருந்தார். 1949 முதல் 1963 வரை எடுத்தவற்றைச் சேர்த்து ‘லாஸ்ட் லாஸ்ட் லாஸ்ட்’ என்ற படமாக வெளியிட்டது 1976-இல். அதில் பிம்பத்தில் இருப்பவர் வழி தெரியாத இளம் அகதி, மேலே பேசும் குரல் அதையெல்லாம் கடந்து வந்த நடுவயதுக்காரருடையது. இரண்டுக்கும் நடுவில் இருக்கும் கால இடைவெளியிலேயே கதை நடக்கிறது. இதை யாரும் 1949-இல் உட்கார்ந்து எழுதியிருக்க முடியாது. அதற்காக நீங்களும் இருபத்தேழு ஆண்டுகள் காத்திருக்க வேண்டியதில்லை. ஆனால் எடுத்ததைக் கொஞ்ச காலம் போட்டுவைத்து, அன்றைக்கு என்ன நினைத்து எடுத்தோம் என்பது மறந்த பிறகு பாருங்கள், எடுக்கும்போது கவனிக்காத ஒன்று அதில் நிச்சயம் இருக்கும். ராஸ் மெக்கெல்வீ அமெரிக்க உள்நாட்டுப் போரின் தளபதி ஷெர்மன் போன பாதையைப் பற்றிப் படமெடுக்க நிதி வாங்கினார், கிளம்புகிற நேரத்தில் காதலி விட்டுப் போய்விட்டார், படம் வழியில் அவர் சந்தித்த பெண்களைப் பற்றியதாக மாறி ‘ஷெர்மன்ஸ் மார்ச்’ என்ற பெயரிலேயே 1986-இல் வந்தது. போட்ட திட்டம் உடைந்தால் உடைந்தது எப்படி என்பதையும் எடுத்து வையுங்கள்.

வாய்ஸ் ஓவரில்தான் புதிதாக எடுப்பவர்களின் படங்கள் அதிகம் சறுக்குகின்றன. திரையில் மழை பெய்யும்போது குரலும் மழை பெய்தது என்று சொன்னால் இரண்டில் ஒன்று வீண். அகெர்மனில் பிம்பம் நியூயார்க்கில் இருக்கிறது, குரல் பிரஸ்ஸல்ஸில் இருக்கிறது, அந்த விலகல் இருப்பதால்தான் நாம் நடுவில் நுழைய இடம் கிடைக்கிறது. குரலைப் பதிவு செய்யும்போது நடிக்காதீர்கள், இரகசியம் பேசுவது மாதிரி மூச்சோடு சேர்த்துப் பேசாதீர்கள், சோகமான பியானோவை அடியில் ஓடவிடாதீர்கள். எழுதியதை உரக்கப் படித்துப் பார்த்து, பக்கத்தில் இருப்பவரிடம் இயல்பாகச் சொல்ல முடியாத வாக்கியம் எதுவோ அதை எடுத்துவிடுங்கள்.

உங்கள் குடும்பத்தாரைப் படமெடுப்பதாக இருந்தால் ஒரு விஷயத்தில் நான் கண்டிப்பாக இருப்பேன். நீங்கள் சம்மதித்தது உங்கள் வாழ்க்கையைக் காட்டுவதற்கு மட்டும்தான், உங்கள் அம்மாவின் வாழ்க்கைக்கு அவர்தான் சம்மதிக்க வேண்டும், அதுவும் கேமராவைத் தூக்கும்போது ஒருமுறை, வெட்டி முடித்த படத்தைக் காட்டி இன்னொருமுறை. வர்தா தன் கணவர் ஜாக் தெமி நோயுற்றிருந்தபோது அவருடைய சிறுவயது நினைவுகளை வைத்து ‘ஜாக்கோ த நாந்த்’ எடுத்தார். இடையிடையே தெமியின் முகம், முடி, தோல், கண் ஆகியவற்றின் மேல் கேமரா மிக நெருக்கமாக, தடவிக்கொடுப்பது போலப் போகும். அவர் 1990 அக்டோபரில் காலமானார், படம் 1991-இல் வந்தது. என்ன நோய் என்று படத்தில் இல்லை. எய்ட்ஸ் என்று வர்தா வெளியே சொன்னது பல ஆண்டுகள் கழித்து, 2008-இல் வந்த ‘தி பீச்சஸ் ஆஃப் ஆக்னஸ்’ படத்தில். தெமி அதைச் சொல்ல விரும்பவில்லை, அதனால் அப்போது சொல்லவில்லை என்கிறார். அத்தனை அருகில் போன கேமரா அந்த ஒன்றை மட்டும் தொடாமல் விட்டது. படம் எந்த வகையிலும் குறைந்துபோகவில்லை.

எதிலிருந்து பார்க்க ஆரம்பிப்பது என்று கேட்டால், முதலில் டெரனின் பதினான்கு நிமிடத்தைப் பாருங்கள், இரண்டு தடவை, இரண்டாவது தடவை ஒலியை அணைத்துவிட்டு. அதன் இசை படம் எடுத்துப் பல ஆண்டுகள் கழித்துச் சேர்த்தது, முதலில் மௌனப்படமாகத்தான் இருந்தது. அப்புறம் ‘தி க்ளீனர்ஸ் அண்ட் ஐ’, இதில் யாருக்கும் சிரமம் இருக்காது. அதன்பின் பனாஹி. ‘நியூஸ் ஃப்ரம் ஹோம்’ படத்தைக் கைபேசியில் துண்டு துண்டாகப் பார்க்காதீர்கள், ஒரே மூச்சில், கூடியவரை பெரிய திரையில், நல்ல ஹெட்போனோடு பாருங்கள், ரயில் சத்தத்துக்கு அடியில் குரலைத் தேடும் உழைப்பு உங்களுடையதாக இருக்க வேண்டும். பார்த்து முடித்ததும், நீங்கள் இப்போது இருக்கிற இடத்தைவிட்டு எதனால் நகர முடியவில்லை என்று ஒரு தாளில் எழுதுங்கள். வேலை நேரம், கவனித்துக்கொள்ள வேண்டிய ஆள், பணம், கூச்சம், எதுவானாலும். உங்கள் ஒயர் எவ்வளவு தூரம் எட்டும் என்பது அந்தத் தாளில் இருக்கும், அந்த எல்லைக்குள் பத்து நிமிடப் படம் ஒன்றை எடுத்துப் பாருங்கள். வெட்டும்போது எங்கேயாவது சிக்கிக்கொண்டால் அந்த இடத்தைக் குறிப்பாகச் சொல்லிக் கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன்.